பூஜையில் வைத்த பியானோ

அஷ்டமி, பகல்

நாகர்கோவில் வடசேரி நிலையத்தில் திருவனந்தபுரம் பேருந்தில் ஏறி உட்கார்ந்தேன். எழுபது கிலோமீட்டர் சொச்சம். சாலை நன்றாக இருந்தால் இரண்டு மணி நேரப் பயணம். சாலை நன்றாக இருந்து நான் பார்த்ததில்லை. சீட்டைக் கிழித்துத் தந்த நடத்துநர் என் தோள்பையைப் பார்த்துவிட்டு, "பூஜைக்குப் போறீங்களா சார்?" என்று கேட்டார்.

"கச்சேரி கேட்கப் போறேன்."

"பாட்டா, வயலினா?"

"பியானோ. ஜப்பான்லருந்து ஒரு அம்மா வர்றாங்க."

அவர் சில்லறையை மட்டும் கொடுத்துவிட்டு முன்னால் போனார். பத்மநாபபுரத்துச் சரஸ்வதி நவராத்திரிக்கு முன் யானைமேல் ஏறித் திருவனந்தபுரம் போவது இதே சாலையில்தான். வழியில் இரண்டு இடத்தில் இரவு தங்கிப் போகிறாள். மார்த்தாண்டம் நெரிசலில் என் பேருந்து நின்ற நேரத்தைப் பார்த்தால், அவளுடைய ஏற்பாடுதான் உத்தமம் என்று தோன்றியது.

நெரிசல் தீரும்வரை அந்த ஜப்பானிய அம்மையாரைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். பெயர் சயோ கிரிஹாரா. வயது எழுபதை நெருங்குகிறது. ஜப்பானின் வடக்கே ஒரு துறைமுக ஊரில் பொதுக் குளியலறை நடத்தியவரின் மகள். பள்ளிக்கூடத்துப் பியானோவில் படித்தவர், இருபது வயதில் ஒரு ஓட்டல் மதுக்கூடத்தில் ஜாஸ் வாசிக்கத் தொடங்கினார். முதல் இசைத்தட்டு சுத்தமான ஜாஸ், எல்லாரும் பாராட்டினார்கள். இரண்டாவதில் தன் ஊர் மீனவர்கள் வலை இழுக்கும்போது பாடுகிற பாட்டுகளைச் சேர்த்தார். பாதிப் பேர் பாராட்டினார்கள். பிறகு டாங்கோ, பிறகு கோயில் மேளம், பிறகு ஆட்டம் போடவைக்கும் டிஸ்கோ என்று அவர் போன போக்கில், பாராட்டியவர்கள் எல்லாரும் ஒவ்வொருவராக இறங்கிக்கொண்டார்கள். புதிதாக வேறு ஆட்கள் ஏறிக்கொண்டார்கள். ஜாஸ்காரர்கள் அவரைத் தங்கள் ஆள் இல்லை என்கிறார்கள். மற்றவர்கள் அவரை ஜாஸ்காரர் என்கிறார்கள். அவர் இரண்டையும் மறுத்ததாகத் தெரியவில்லை.

வாசிப்பு எப்படி என்றால், இடது கை ஒரு சின்னத் துணுக்கைப் பிடித்துக்கொண்டு விடாப்பிடியாகத் திரும்பத் திரும்ப வாசிக்கும். வலது கை தாமதமாக வரும். தாளம் தவறிவிட்டது என்று நாம் நினைக்கிற கணத்தில் வந்து, தனக்கென்று வைத்திருந்த இடத்தில் உட்கார்ந்துவிடும். சில உருப்படிகளில் பியானோவின் மூடியைத் திறந்து, தந்திகளின்மேல் ஒரு துவாலையைப் போட்டுவிடுவார். நாதம் அமுங்கி, அடுத்த வீட்டிலிருந்து கேட்பதுபோலக் கேட்கும். அப்பாவின் குளியலறைத் துவாலை என்று சொல்வார்கள்.

அவருக்கு ஒரு வழக்கம் உண்டு. எந்த ஊருக்குப் போனாலும் அந்த ஊர்க் கலைஞர் ஒருவரோடு சேர்ந்து வாசிப்பார். அதற்கு முந்தைய நாள் முழுவதும் அந்தக் கலைஞரும் அவரும் பியானோ முன்னால் உட்கார வேண்டும். மாலையில் ஒத்துவந்தது என்று அவருக்குப் பட்டால் மறுநாள் இருவரும் மேடையில். ஒத்துவரவில்லை என்றால் அவர் தனியாக வாசிப்பார். அந்தக் கலைஞருக்கு முன்வரிசை நடுவில் வெள்ளை உறை போட்ட ஒரு நாற்காலி. பெரிய பெரிய ஆட்களெல்லாம் அந்த நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார்கள் என்று கேள்வி.

தம்பானூரில் இறங்கி, ஆரியசாலைக்கு ஆட்டோ. நாற்பது ரூபாய் கேட்டார், நாற்பதே கொடுத்தேன். எங்கள் பாளையங்கோட்டையில் இதே தூரத்துக்கு நான் பேரம் பேசித் தோற்றிருப்பேன்.

அஷ்டமி, மாலை

ஆரியசாலையில் வெல்லமும் வற்றலும் மொத்த வியாபாரம் செய்யும் பகவதியப்பன் என் கல்லூரித் தோழன். நாஞ்சில் நாட்டுக்காரன். விடுதி அறையில் ஒரு பழைய டேப்பில் சயோ அம்மையாரை எனக்கு அறிமுகப்படுத்தியவன். இப்போது பழைய கோட்டைப் பகுதிக்குள் ஒரு சிறிய சபாவின் செயலாளரும் அவன்தான். அந்தச் சபாவில் ஒரு பியானோ இருக்கிறது. சங்கீத வாத்தியார் ஒருவர் ஊரைவிட்டுப் போகும்போது கொடுத்துவிட்டுப் போனது. அந்தப் பியானோவை வைத்துக்கொண்டு, கடிதத்துக்குமேல் கடிதம் போட்டு, இந்த அம்மையாரை வரவழைத்தே விட்டான்.

"வந்துட்டீரா ஓய்! ஏர்போர்ட்டுக்கு நேரமாச்சு, காப்பியை வேகம் குடியும்" என்று கடை வாசலிலேயே விரட்டினான். கடைக்குள் பெரிய தராசுக்குச் சந்தனம் வைத்து மாலை போட்டுக்கொண்டிருந்தார்கள். வீட்டில் அவன் மனைவி வடிவு புத்தகங்களைத் தாம்பாளத்தில் அடுக்கிக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் கையை நீட்டினாள்.

"அண்ணன், உங்க நோட்டும் பேனாவும் தாங்க. பூஜை வைக்கணும்."

"எங்க ஊர்ல நாளைக்குத்தானேம்மா வைப்போம்?"

"இங்க அஷ்டமி சாயந்தரமே வெச்சிரணும். தசமி காலையிலதான் எடுப்பு. அதுவரை எழுதவும் கூடாது, வாசிக்கவும் கூடாது. பேப்பர்கூட நோக்கக் கூடாது, கேட்டேளா."

கொடுத்துவிட்டேன். ஆகவே இந்தக் கட்டுரையின் நடுப்பகுதி குறிப்பிலிருந்து எழுதியது அல்ல. பிழை இருந்தால் வடிவைக் கேளுங்கள்.

விமான நிலையத்தில் சயோ அம்மையார் ஒரு சின்னப் பெட்டியோடு வெளியே வந்தார். ஒடிசலான உருவம், கட்டையாக வெட்டிய நரைமுடி. ஆங்கிலத்தில் அளந்து பேசினார். காரில் ஏறியதும் கேட்ட முதல் கேள்வி, "நாளை என்னோடு உட்காரப்போகிறவர் யார்?"

"ஆனந்தி. மிருதங்கம் வாசிக்கிறாள்" என்றான் பகவதி. பின்பு என் பக்கம் திரும்பித் தமிழில் விளக்கினான். ஆனந்தி கோட்டைக்குள் அக்ரகாரத் தெருப் பெண். வயது முப்பத்திரண்டு. பகலில் ஓர் அலுவலகத்தில் கணக்குப் பிரிவு. "கை பொன்னு ஓய். ஆனா பாட வாறவன் எல்லாம், 'வேற ஆள் உண்டோ'ன்னு கேக்கான். பொம்பளை மிருதங்கம் வாசிச்சா அவனுக்கு என்னமோ போல இருக்காம். நாளைக்கு இந்த அம்மாவுக்குப் பிடிச்சிட்டா அப்புறம் ஒருத்தனும் வாய் திறக்க மாட்டான். அதாக்கும் விஷயம்."

நவமி, காலை

காலையில் சபாவுக்குப் போனோம். பகவதி கதவைத் தள்ளித் திறந்து விளக்கைப் போட்டான். போட்டவன் அப்படியே நின்றுவிட்டான்.

மேடையில் பியானோ மஞ்சள் பட்டுத்துணி போர்த்தியிருந்தது. துணிமேல் ஏழெட்டுப் புத்தகங்கள், ஒரு ஜோடி ஜால்ரா, ஒரு வீணை மீட்டி. பியானோவின் மூன்று கால்களுக்கும் சந்தனம், குங்குமம். பக்கத்தில் தம்பூரா, மிருதங்கம் இரண்டு, எல்லாவற்றுக்கும் பூ. எதிரே குத்துவிளக்கு எரிந்துகொண்டிருந்தது.

ஆனந்தி ஏற்கெனவே வந்து ஓரத்தில் உட்கார்ந்திருந்தாள். கண் சிவந்திருந்தது.

"யாரு மோளே இது வெச்சது?" என்றான் பகவதி, குரல் எழும்பாமல்.

"நான்தான் மாமா. எல்லா வருஷமும் நான்தானே வெக்கறேன். நேத்து ஆபீஸ் விட்டு வந்தேன். மிருதங்கத்தை வெச்சேன், தம்பூராவை வெச்சேன். பியானோவுக்கும் துணி போட்டுக் குங்குமம் வெச்சு, விளக்கேத்தி நமஸ்காரமும் பண்ணிட்டேன். வீட்டுக்குப் போய் சாதம் வெச்சுண்டிருக்கறப்போதான், அய்யோ நாளைக்கு அந்தம்மா வராளேன்னு ஓர்மை வந்துது. கை பாட்டுக்குப் பண்ணிடுத்து மாமா."

இதில் பகவதிக்கும் பங்கு உண்டு. நாளைக் குறித்தவன் அவன். ஜப்பானுக்குத் தேதி போட்டு எழுதியவன் திதி பார்க்கவில்லை. அரசு விடுமுறை, அரங்கம் காலியாக இருக்கும் என்று மட்டும் பார்த்தான். இதைச் சொல்லிக் காட்ட எனக்கு வாய் துறுதுறுத்தது. அவன் முகத்தைப் பார்த்து விட்டுவிட்டேன்.

சயோ அம்மையார் மேடை ஏறி, எதையும் தொடாமல், பியானோவை ஒரு சுற்று வந்தார். நான் ஆங்கிலத்தில் விஷயத்தைச் சொன்னேன். வருஷத்தில் ஒருநாள் கருவிகளையும் புத்தகங்களையும் தேவியின் முன்னால் வைத்துவிடுவார்கள். மறுநாள் காலைவரை யாரும் தொடுவதில்லை.

பகவதி அதற்குள் ஒரு வழி கண்டுபிடித்துவிட்டான். "ஒரு பூவை எடுத்து வெச்சு, தாயே மன்னிச்சுக்கோன்னுட்டு துணியை எடுத்துரலாம். அவங்க வெளிநாட்டுக்காரங்க, அவங்களுக்கு தோஷமில்லை. மிருதங்கம் வேற எடத்துலருந்து கொண்டுவாறேன்."

"அவா வாசிக்கட்டும் மாமா. நான் வாசிக்க மாட்டேன்" என்றாள் ஆனந்தி. "வேற மிருதங்கமானாலும் இந்தக் கைதானே. ஆறு வயசுலேருந்து நவமிக்கு நான் கை வெச்சதில்லை."

"உனக்காக்கும் மோளே நஷ்டம்!"

"தெரியும்."

அந்த 'தெரியும்' எனக்குப் பிடித்திருந்தது. பிடித்திருந்ததே தவிர, உள்ளூர எரிச்சலும் வந்தது. இத்தனை வருஷம் காத்திருந்த பெண், ஒரு விளக்குக்கும் ஒரு துணிக்கும் இப்படிக் கட்டுப்பட்டு நிற்க வேண்டுமா என்று இருந்தது. நான் பூஜைக்குக் கொடுத்த பேனாவுக்குப் பதிலாக வேறு பேனா வாங்கலாமா என்று அன்று காலைதான் கடை தேடியவன்.

நான் மொழிபெயர்த்ததைச் சயோ அம்மையார் கேட்டுக்கொண்டார். பிறகு கேட்டார், "இன்று இந்த ஊரில் சங்கீதக்காரர்கள் என்ன செய்வார்கள்?"

ஆனந்தி ஆங்கிலத்தில் பதில் சொல்ல முயன்று, கடைசியில் என்னிடமே சொன்னாள்: "ஒண்ணும் பண்ண மாட்டா. வெறுதே இருப்பா."

அதைச் சொன்னதும் அம்மையார் முதல்முறையாகச் சிரித்தார். தனக்கு இப்படி ஒரு விடுமுறையை யாரும் கொடுத்ததில்லை என்றார். பக்கத்தில் மலை இருக்கிறதா என்று கேட்டார்.

நவமி, பகல்

பொன்முடி மலை, நகரத்திலிருந்து அறுபது கிலோமீட்டர் அளவில். எங்கள் மூவரையும் ஏற்றிக்கொண்டு பகவதி கார் ஓட்டினான். கார் முகப்பில் சாமந்தி மாலை. "காரை மட்டும் பூஜையில் வைக்கவில்லையா?" என்று கேட்டேன். "அதுக்கு மாலை போட்டா போதும். உமக்கு நடக்க மனசுண்டானா சொல்லும், இறக்கி விடுதேன்" என்றான். நெடுமங்காடு தாண்டியதும் ரப்பர் மரங்கள் நெருங்கி வந்தன. கடைகள் பாதிக்குமேல் அடைத்திருந்தன. ஒரு தையற்கடையில் தையல் இயந்திரத்துக்குச் செம்பருத்தி மாலை போட்டிருந்தது. தையற்காரர் வெளியே பெஞ்சில் உட்கார்ந்து சாலையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவரை நாங்கள் திரும்பி வரும்போதும் அதே இடத்தில் பார்த்தோம்.

கல்லாறில் வண்டியை நிறுத்தினோம். ஆற்றில் பெரிய உருண்டைக் கற்கள். அவற்றின் இடையே தண்ணீர் சத்தமாக ஓடியது. பாலத்தையொட்டிய கடையில் சாயா பன்னிரண்டு ரூபாய், பழம்பொரி என்கிற வாழைப்பழ பஜ்ஜியும் பன்னிரண்டு ரூபாய். கடைக்கார அம்மாள் சயோ அம்மையாரைப் பார்த்துவிட்டு, "சீனா?" என்று என்னிடம் கேட்டார். "ஜப்பான்" என்றேன். "ஆ, தூரமாணல்லோ" என்று இன்னொரு பழம்பொரியை அவர் இலையில் வைத்தார்.

நாங்கள் ஆற்றில் காலை விட்டு உட்கார்ந்தோம். சயோ அம்மையார் கைகளை மடியில் வைத்திருந்தார். ஆனந்தி தன் கைகளைத் துப்பட்டாவுக்குள் சுருட்டி வைத்திருந்தாள். ரயில் பெட்டியில் எதிரெதிரே உட்கார்ந்த அறிமுகமில்லாதவர்கள்போல இருவரும் தண்ணீரையே பார்த்தார்கள். பகவதியால்தான் பொறுக்க முடியவில்லை.

"வாயைப் பூஜையில வைக்கல்லியே மோளே. சொல்லிக் காட்டேன்."

மிருதங்கக்காரர்கள் வாசிப்பதையெல்லாம் முதலில் வாயால் சொல்லப் பழகுவார்கள். ஆனந்தி தயங்கிவிட்டு, தாளம்கூடப் போடாமல், சொல்லத் தொடங்கினாள். தக தகிட தகதிமி என்று மெல்ல ஆரம்பித்தது, வேகம் ஏறி, ஐந்தாகவும் ஏழாகவும் பிரிந்து, எங்கோ சுற்றிக்கொண்டு வந்து சரியாக முடிந்தது. கடைக்கார அம்மாள் வெளியே வந்து பார்த்தார். எனக்குச் சபாஷ் போடத் தோன்றியது.

சயோ அம்மையார் தலையைக்கூட ஆட்டவில்லை. சற்று நேரம் கழித்துத் தொண்டைக்குள்ளேயே ஒரு துணுக்கை முனகினார். அவருடைய இடது கை வாசிக்கிற தினுசு. திரும்பத் திரும்ப அதையே. ஆனந்தி அதற்குப் பதிலாக இன்னொன்றைச் சொன்னாள், முன்னதைவிடக் கடினமாக. அம்மையார் நிறுத்திவிட்டார். மறுபடி தண்ணீரைப் பார்க்கப் போய்விட்டார்.

ஆனந்தியின் முகம் விழுந்துவிட்டது. "நன்னா இல்லையோ சார்?" என்று என்னிடம் கேட்டாள். எனக்கு என்ன தெரியும்? நன்றாகத்தான் இருந்தது என்றேன். அது அவளுக்கு உதவவில்லை.

நவமி, பிற்பகல்

கல்லாறுக்குமேல் இருபத்திரண்டு கொண்டைஊசி வளைவுகள். ஒவ்வொன்றிலும் எண் எழுதிய பலகை. அன்று எதையும் வாசிக்கக் கூடாது என்று வடிவு சொன்னது ஞாபகம் வந்து, பலகைகளைப் பார்க்காமல் இருக்க முயன்றேன், முடியவில்லை. பாதி வழியில் ஆனந்திக்குத் தலைசுற்றல். சயோ அம்மையார் பெட்டியிலிருந்து ஒரு புளிப்பு மிட்டாய் எடுத்து அவளுக்குக் கொடுத்தார். அன்று முழுவதிலும் அவர் அவளுக்காகச் செய்த ஒரே காரியம் அதுதான்.

தேயிலைத் தோட்டங்களும் தொழிலாளர் வரிசை வீடுகளும் கடந்து மேலே போனால் மூடுபனி. பத்தடிக்கு அப்பால் ஒன்றும் தெரியவில்லை. ஊட்டி, கொடைக்கானல் என்று மலைக்குப் போய் மூடுபனியை மட்டும் பார்த்துவிட்டு வருவது எனக்குப் பழக்கம்தான். சயோ அம்மையார் மூடுபனிக்குள் நடந்துபோய்க் காணாமல் போனார். நாங்கள் மூவரும் காரில் சாய்ந்து நின்றோம்.

"மாமா," என்றாள் ஆனந்தி. "இப்போ எறங்கினா சாயந்தரம் சபாவுக்குப் போயிடலாம். நீங்க காலம்பற சொன்னேளே, ஒரு பூவை எடுத்து வெச்சு..."

பகவதி கார் முகப்பு மாலையைச் சரிசெய்தான்.

"எனக்கு முப்பத்திரண்டு வயசாச்சு மாமா. பாட்டுக்கு வரவா என்னைப் பார்த்ததும் மொகம் மாறறதை நான் பார்த்துண்டேதான் இருக்கேன். இந்தம்மா ஒருத்தர்தான் ஆணா பொண்ணான்னு கேக்காம கூப்பிட்டா. அதையும் நானே துணி போட்டு மூடிட்டேன். ஒரு நாழி வாசிச்சாப் போறும். அப்பறம் தேவிகிட்ட நான் பேசிக்கறேன்."

அழாமல் சொன்னாள். என்னால்தான் அவளைப் பார்க்க முடியவில்லை. காலையில் எரிச்சல்பட்டவன் நான். இப்போது அவள் இளகிவிட்டாளே என்று எனக்கு ஏன் வருத்தமாக இருக்க வேண்டும்? இருந்தது.

சயோ அம்மையார் முடியெல்லாம் பனித்துளியோடு திரும்பி வந்தார். ஆனந்தியின் முகத்தைப் பார்த்துவிட்டு, அவள் என்ன சொன்னாள் என்று கேட்டார். மறைக்க எனக்குத் தோன்றவில்லை. சொன்னேன். அவர் ஆனந்தியைப் பார்க்காமல் காரின் கதவைத் திறந்துகொண்டே, "துணி அங்கேயே இருக்கட்டும். நாளை காலை எடுக்கலாம்" என்றார். அது ஆறுதலா தீர்ப்பா என்று இறங்கும்போது வளைவுக்கு வளைவு யோசித்தேன்.

தசமி, காலை

விஜயதசமிக் காலையில் சபாவில் கூட்டம். குழந்தைகள் தட்டில் பரப்பிய அரிசியில் விரலால் எழுதினார்கள். பெரியவர்களும் எழுதினார்கள். நானும் எழுதினேன், வடிவு என் பேனாவைத் திருப்பித் தந்தாள்.

பூஜை எடுத்ததும் சங்கீதக்காரர்கள் அவரவர் கற்ற முதல் பாடத்தை வாசிப்பது இங்கே வழக்கம். எத்தனை பெரிய வித்வானானாலும் அன்று முதல் பாடம்தான். ஆனந்தி மிருதங்கத்தை மடியில் வைத்துக்கொண்டு, தா தீ தொம் நம் என்று ஒன்றாம் காலத்தில், நிதானமாக வாசித்தாள். எந்த அலங்காரமும் இல்லை. ஆறு வயதுப் பெண் வாசிக்கிறதை அப்படியே வாசித்தாள்.

சயோ அம்மையாரை நாங்கள் கேட்பதற்கு முன் அவரே பியானோ முன்னால் உட்கார்ந்தார். ஒற்றைக் கையால் ஐந்து சுரம் மேலே, ஐந்து சுரம் கீழே. அவருடைய ஊர்ப் பள்ளிக்கூடத்துப் பாடமாக இருக்க வேண்டும். ஆனந்தி நிறுத்தவில்லை, அவரும் நிறுத்தவில்லை. இரண்டு முதல் பாடங்களும் சற்று நேரம் பக்கத்தில் பக்கத்தில் போயின. ஒன்றுக்கொன்று இடிக்கவில்லை. பிறகு அம்மையார் எழுந்து, "போதும்" என்றார்.

பியானோவிலிருந்து எடுத்து மடித்து வைத்திருந்த மஞ்சள் பட்டைக் காட்டி, "இது யாருடையது?" என்றார். ஆனந்தி சின்ன வயதில் உடுத்திய பாவாடையைத் தையல் பிரித்து வருஷாவருஷம் பியானோவுக்குப் போர்த்துகிறார்களாம். மாலைக்கு இரவல் வாங்கலாமா என்று அவளிடமே கேட்டார். அவள் தலையசைத்தாள். எங்களுக்கு நம்பிக்கை வந்தது.

அப்போது அவர் பகவதியிடம் திரும்பிக் கேட்டார்: "முன்வரிசை நாற்காலி போட்டாகிவிட்டதா?"

பகவதி ஆகிவிட்டது என்றான். வேறென்ன சொல்வான்? ஆனந்தி மிருதங்கத்தை உறைக்குள் போட்டுச் சுருக்கை இழுத்துக் கட்டினாள். "சாரமில்லை மாமா, போகட்டும்" என்றாள். அவள் போனபிறகு பகவதி மேடையில் மிருதங்கத்துக்கென்று விரித்திருந்த ஜமக்காளத்தைச் சுருட்டக் குனிந்தான். குனிந்தவன் அப்படியே விட்டுவிட்டு நிமிர்ந்தான். "எனக்கு மனசு வரல ஓய். கிடக்கட்டும்."

தசமி, மாலை

அரங்கு நிரம்பிவிட்டது. அக்ரகாரத்து மாமிகள், ஆரியசாலை வியாபாரிகள், மலையாளத்தில் பேசிக்கொண்ட கல்லூரிப் பிள்ளைகள். ஆனந்தி அரக்குப் புடவை உடுத்தி வந்து, யாரும் சொல்லாமலே, வெள்ளை உறை நாற்காலியில் உட்கார்ந்தாள். மிருதங்கம் உறையோடு மடியில் இருந்தது. வீட்டில் விட்டுவிட்டு வந்திருக்கலாமே என்று எனக்குத் தோன்றியது. நான் இரண்டு இருக்கை தள்ளி உட்கார்ந்திருந்தேன். அவள் முகத்தைப் பார்க்க வேண்டாம் என்று மேடையையே பார்த்தேன்.

சயோ அம்மையார் மூடியைத் திறந்து மஞ்சள் பட்டைத் தந்திகளின்மேல் விரித்தார். முதல் உருப்படி மீனவர் பாட்டு. பட்டுக்கு அடியிலிருந்து இடது கையின் துணுக்கு அமுங்கி அமுங்கி வந்தது. வலது கை வழக்கம்போலத் தாமதமாக வந்தது. நேரில் கேட்டால் அந்தத் தாமதம் டேப்பில் கேட்டதைவிட நீளம். மூச்சைப் பிடித்துக்கொண்டுதான் உட்கார வேண்டியிருந்தது. இரண்டாவது ஒரு டாங்கோ. கல்லூரிப் பிள்ளைகள் விசிலடித்தார்கள். இத்தனை வருஷம் கழித்து அவரை நேரில் கேட்கிறேன், நன்றாகவே இருந்தது. ஆனாலும் முழுமனதாக ரசிக்க முடியவில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும்.

மூன்றாவதாக, காலையில் வாசித்த ஐந்து சுரத்தைத் தொடங்கினார். மேலே, கீழே. மேலே, கீழே. பாதியில் நிறுத்தினார். எழுந்தார். மேடைப் படியில் இறங்கி நேரே ஆனந்தியின் முன்னால் வந்து நின்றார்.

ஆனந்தி பதறி எழுந்தாள். அம்மையார் அவளைச் சுற்றிக்கொண்டு போய், அந்த வெள்ளை உறை நாற்காலியில் தான் உட்கார்ந்தார். வசதியாகச் சாய்ந்துகொண்டார். பிறகு மேடையைக் கைகாட்டினார்.

அரங்கில் யாருக்கும் புரியவில்லை. முதலில் புரிந்தது பகவதிக்குத்தான் என்று நினைக்கிறேன். பின்னாலிருந்து, "போ மோளே, போ!" என்று கத்தினான்.

ஆனந்தி மேடையேறினாள். ஜமக்காளம் விரித்தபடியே இருந்தது. உறையைக் கழற்றி, சுருதி சேர்த்து, ஒரு ஜாடைக்காகக் கீழே பார்த்தாள். சயோ அம்மையார் ஒரு ஜாடையும் காட்டவில்லை. கல்லாற்றங்கரையில் இருந்ததுபோல இரண்டு கைகளையும் மடியில் வைத்திருந்தார். ஆனந்தி அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். அப்புறம் தா தீ தொம் நம் என்று தொடங்கினாள்.

ஒன்றாம் காலம், இரண்டாம் காலம். அவசரப்படவில்லை. ஆற்றங்கரையில் வாயால் சொன்ன கெட்டிக்காரத்தனம் எதுவும் இல்லை. முதல் பாடத்திலிருந்தே ஒவ்வொன்றாகப் பிரித்து, இடைவெளி விட்டு, அந்த இடைவெளியில் தானும் கேட்டுக்கொண்டு வாசித்தாள். மூன்றாம் காலம் வந்தபோது அரங்கே தாளம் போட்டது. தாளம் தெரியாத நானும் போட்டேன். அதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை. சயோ அம்மையார் கடைசிவரை தாளம் போடவில்லை. அவள் முடித்தபிறகுதான் எழுந்துபோய்ப் பியானோவில் உட்கார்ந்தார். மிச்சக் கச்சேரியை இருவரும் சேர்ந்து வாசித்தார்கள். அந்த நாற்காலி காலியாகவே இருந்தது.

ஏகாதசி, காலை

பகவதி என்னைத் தம்பானூருக்குக் கொண்டுவந்து விட்டான். சயோ அம்மையார் விடியலிலேயே விமானம் ஏறிவிட்டார். நாகர்கோவில் பேருந்து புறப்பட நேரமிருந்தது. அலுவலகம் போகிற வழியில் ஆனந்தி எங்களைப் பார்த்துவிட்டு ஸ்கூட்டரை ஓரங்கட்டினாள். தோளில் சாப்பாட்டுப் பை. நேற்று மேடையில் வாசித்தவள் என்று சொன்னால், வரும்போது சீட்டுக் கொடுத்த நடத்துநர் நம்பமாட்டார்.

எங்கள் ஊரில் சரஸ்வதி பூஜையன்று புத்தகத்தை அடுக்கிவிட்டு, சாயங்காலமே செய்தித்தாளைப் பிரித்துவிடுவோம். அடுத்த வருஷம் அப்படிச் செய்ய எனக்குக் கை வருமா என்று தெரியவில்லை. இதை அவளிடம் சொல்லத் தோன்றியது, சொல்லவில்லை. அதற்குப் பதிலாக, "அந்தம்மா போறப்போ ஏதாவது சொன்னாங்களா?" என்று கேட்டேன்.

"ஒண்ணும் பறயலை சார். கையைப் பிடிச்சுண்டா, அவ்வளவுதான்." வண்டியைக் கிளப்பியவள் ஏதோ ஞாபகம் வந்து நிறுத்தினாள். "அந்தப் பட்டுத்துணியை மட்டும் திருப்பித் தரலை மாமா. பெட்டியில வெச்சுண்டு போயிட்டா. அடுத்த வருஷம் பியானோவுக்கு வேற துணி பார்க்கணும்."